வங்கியில் ஐந்து மாதமாகக் கிடக்கும் கல்விக் கடன் விண்ணப்பம்: சட்டப்படி என்ன செய்யலாம்?

உவர்மலை மாணவி எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நான் திருகோணமலை நகரைச் சேர்ந்தவள். க.பொ.த. உயர்தரத்தில் மூன்று பாடங்களிலும் சித்தியடைந்தும், இசட் புள்ளி சற்றுக் குறைந்ததால் அரச பல்கலைக்கழகத்துக்குத் தெரிவாகவில்லை. கொழும்பில் உள்ள ஒரு தனியார் உயர்கல்வி நிறுவனத்தில் தாதியியல் பட்டப்படிப்புக்கு இடம் கிடைத்திருக்கின்றது. அம்மா ஆசிரியை. அப்பா வள்ளம் வைத்துத் தொழில் செய்கின்றார், ஆகவே அவருடைய வருமானத்தைக் காட்டச் சம்பளப் பற்றுச்சீட்டு எதுவும் கிடையாது.

பெப்ரவரி மாதம் 12ஆம் திகதி, நகரில் உள்ள அரச வங்கிக் கிளை ஒன்றில் அம்மாவை இணைக் கடனாளியாகச் சேர்த்துக் கல்விக் கடனுக்கு விண்ணப்பித்தோம். பிணையாளிகளாக மாமாவும் அம்மாவுடன் படிப்பிக்கும் ஓர் ஆசிரியரும் கையெழுத்திட்டார்கள். கேட்ட பத்திரங்கள் எல்லாவற்றையும் ஒரு மஞ்சள் கோவையில் போட்டுக் கொடுத்தோம். இன்று யூலை நடுப்பகுதி. இதுவரை ஒன்பது தடவை போய்வந்துவிட்டோம். ஒவ்வொரு முறையும் "மேலிடத்துக்கு அனுப்பியிருக்கின்றோம், அடுத்த கிழமை வந்து பாருங்கள்" என்பதே பதில். கடன் கிடைக்கும் என்றும் சொல்லவில்லை, கிடைக்காது என்றும் சொல்லவில்லை. ஓகஸ்ட் 31ஆம் திகதிக்குள் முதல் தவணைக் கட்டணத்தைச் செலுத்தாவிட்டால் எனது இடம் இன்னொருவருக்குப் போய்விடும்.

வங்கி இப்படித் தாமதிப்பதற்கு எதிராகச் சட்டத்தில் ஏதாவது வழி உண்டா? அனுபவப்பட்டவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள்.

சென்னை வாசகர் எழுதியது:

சகோதரி, மனம் தளர வேண்டாம். எங்கள் பக்கத்தில் இதற்குத் தெளிவான வழி இருக்கிறது. முதலில் வங்கிக்கே எழுத்தில் புகார் கொடுக்க வேண்டும். 30 நாளில் பதில் வராவிட்டால், அல்லது வந்த பதில் திருப்தி தராவிட்டால், ரிசர்வ் வங்கியின் ஒருங்கிணைந்த ஒம்புட்ஸ்மேன் (வாடிக்கையாளர் புகார்களைத் தீர்க்கும் அதிகாரி) திட்டத்தின்கீழ் இணையத்திலேயே இலவசமாகப் புகார் பதியலாம். 4 லட்சம் ரூபாய் வரையிலான கல்விக் கடனுக்கு ஈடு கேட்கக்கூடாது என்பதும், மாணவரின் வீடு கிளையின் சேவை எல்லைக்குள் இல்லை என்ற காரணத்துக்காக மட்டும் விண்ணப்பத்தைத் திருப்பக்கூடாது என்பதும் ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குச் சொன்னவை. என் தம்பிக்கு மூன்று மாதம் இழுத்தடித்த கடன், புகார் பதிந்த பிறகுதான் நகர்ந்தது. நீங்களும் அப்படியே செய்யலாம்.

சட்டத்தரணி, உட்துறைமுக வீதி எழுதியது:

சென்னை நண்பருக்கு நன்றி. அவர் சொன்னவை இந்தியாவுக்குப் பொருந்துபவை. இலங்கையில் இயங்கும் வங்கிமீது ரிசர்வ் வங்கிக்கு எந்த அதிகாரமும் இல்லை என்பதால், அந்தத் திட்டத்தைச் சுட்டிக்காட்டி இங்கே கடிதம் எழுதினால் கிளையில் அதைப் பக்கத்தில் வைத்துவிடுவார்கள். இதை அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. இணையத்தில் தமிழில் கிடைக்கும் கல்விக் கடன் குறிப்புகளில் பெரும்பாலானவை இந்தியச் சட்டத்தைப் பற்றியவை. அவற்றை அப்படியே பார்த்து எழுதப்பட்ட முறைப்பாடுகளோடு என்னிடம் வந்தவர்கள் பலர்.

இனி உங்கள் விடயம். கடன் பெறுவது எவருக்கும் சட்டம் உறுதிசெய்த உரிமை அன்று. கொடுப்பதா, மறுப்பதா என்பது வங்கியின் தீர்மானம். ஆனால் அந்தத் தீர்மானத்தை எடுக்காமலேயே ஐந்து மாதம் விண்ணப்பத்தைக் கிடப்பில் போடுவதும், காரணம் சொல்லாமல் ஒரு குடும்பத்தை ஒன்பது தடவை அலைய வைப்பதும் வேறு விடயம். சட்டத்தின் துணையை நாம் தேட வேண்டியது இந்த இரண்டாவது விடயத்துக்குத்தான்.

உங்களிடம் இரண்டு கேள்விகள். பெப்ரவரி 12இல் விண்ணப்பத்தைக் கொடுத்தபோது திகதியும் முத்திரையும் இட்ட பற்றுச்சீட்டு எதையாவது வாங்கினீர்களா? இந்த ஐந்து மாதத்தில் வங்கியிடமிருந்து ஒரு வரியாவது எழுத்தில் வந்ததா? இரண்டுக்கும் இல்லை என்பதே பதிலாக இருக்கும் என்று நினைக்கின்றேன். அப்படியானால் இன்றைய நிலையில் உங்கள் விண்ணப்பம் வங்கியில் இருக்கின்றது என்பதற்கே உங்கள் வாய்ச்சொல்லைத் தவிர வேறு சான்று இல்லை. மத்திய வங்கியாக இருந்தாலும் சரி, ஒம்புட்ஸ்மனாக இருந்தாலும் சரி, நீதிமன்றமாக இருந்தாலும் சரி, முதலில் கேட்பது திகதியைத்தான். எனவே முறைப்பாட்டுக்கு முன்னர் செய்ய வேண்டியது இந்த மௌனத்தை எழுத்துக்குக் கொண்டுவருவது.

முகாமையாளருக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். இன்ன திகதியில் இன்ன தொகைக்கு விண்ணப்பித்தேன், இன்னின்ன பத்திரங்களைக் கையளித்தேன், இன்னின்ன திகதிகளில் வந்து விசாரித்தேன், கட்டணத்துக்கான இறுதித் திகதி இது. இவ்வளவையும் எழுதிவிட்டு மூன்றே விடயங்களைக் கேளுங்கள்: விண்ணப்பம் இப்போது எந்த அலுவலகத்தில் இருக்கின்றது, அதில் குறைபாடு ஏதும் உண்டா, எந்தத் திகதிக்குள் தீர்மானம் தரப்படும். கடிதத்தை இரண்டு பிரதிகளாகக் கொண்டுபோய், ஒன்றைக் கொடுத்து, மற்றதில் "கிடைத்தது" என்று திகதியுடன் முத்திரை வாங்குங்கள். முத்திரையிட மறுத்தால் அன்றைக்கே பதிவுத் தபாலில் அனுப்பி, அந்தத் துண்டைப் பத்திரப்படுத்துங்கள். கடிதத்தில் கோபமோ குற்றச்சாட்டோ வேண்டாம்.

ஓய்வுபெற்ற வங்கி உத்தியோகத்தர் எழுதியது:

சட்டத்தரணி ஐயா சொன்னது முற்றிலும் சரி. முப்பது வருடத்துக்கு மேல் கடன் பிரிவுகளில் வேலை செய்தவன் என்ற முறையில் உள்ளே நடப்பதையும் கொஞ்சம் சொல்கின்றேன்.

ஒவ்வொரு முகாமையாளருக்கும் ஓர் அதிகார வரம்பு உண்டு. அதற்கு மேற்பட்ட தொகையையோ வழமைக்கு மாறான விண்ணப்பத்தையோ கிளை தானே அனுமதிக்க முடியாது. பிராந்திய அலுவலகத்துக்கு, சில வேளை தலைமை அலுவலகத்துக்கு அனுப்ப வேண்டும். அங்கே ஒரு குறைபாடு கண்டால் கோவை குறிப்போடு திரும்பி வரும். திரும்பி வந்த கோவையின் குறிப்பை வாடிக்கையாளருக்கு அறிவிக்க வேண்டியவர் கிளையில் உள்ள கடன் உத்தியோகத்தர். அவர் இடமாற்றம் பெற்றுப் போயிருந்தால், அல்லது நீண்ட விடுமுறையில் இருந்தால், அந்தக் குறிப்பை வாசிக்கவே ஆள் இல்லாமல் கோவை அலுமாரியில் இருந்துவிடும். அந்த நிலையிலும் கவுண்டரில் இருப்பவர் "மேலிடத்தில் இருக்கின்றது" என்றுதான் சொல்வார். அவர் பொய் சொல்கின்றார் என்று நான் சொல்லமாட்டேன். அவருக்கே தெரியாது.

நான் கண்ட தாமதங்களில் பெரும்பாலானவற்றுக்குக் காரணம் மிகச் சிறியது. ஒரு முறை ஒரு மாணவனின் கோவை நான்கு மாதம் நின்றது. காரணத்தைத் தேடிப் பார்த்தால், பிறப்புச் சாட்சிப்பத்திரத்தில் தகப்பனின் பெயருக்கு நடுவே ஓர் ஒற்றெழுத்து இருந்தது, அடையாள அட்டையில் அந்த ஒற்று இல்லை. பிராந்திய அலுவலகத்தில் யாரோ அந்த எழுத்தைப் பென்சிலால் வட்டமிட்டுக் கோவையைத் திருப்பியிருந்தார்கள். அந்த வட்டத்தைத் தவிர ஒரு சொல்லும் எழுதப்படவில்லை. இரண்டு பெயரும் ஒருவருடையதே என்று சமாதான நீதவான் முன்னிலையில் ஒரு சத்தியக்கடதாசி முடித்துக் கொடுத்திருந்தால் ஒரே நாளில் தீர்ந்திருக்கும்.

மற்றொன்று பிணையாளிகள். கடன் தகவல் பணியகத்தின் அறிக்கை, அதாவது நாம் எல்லோரும் "கிரிப் அறிக்கை" என்று சொல்வது, கடனாளிக்கு மாத்திரமன்றிப் பிணையாளிகளுக்கும் எடுக்கப்படும். பிணையாளி எப்போதோ எடுத்த வாகனக் குத்தகை (லீசிங்) வசதியில் தவணை தவறியிருந்தால் அது அறிக்கையில் தெரியும். அதை விண்ணப்பதாரரிடம் சொல்வதற்கு உத்தியோகத்தர்கள் தயங்குவார்கள், ஏனென்றால் அது இன்னொருவரின் இரகசியம். ஆகவே பிள்ளை, உங்கள் மாமாவிடமும் அந்த ஆசிரியரிடமும் தங்கள் சொந்த அறிக்கையைத் தாங்களே எடுத்துப் பார்க்கும்படி பணிவாகக் கேளுங்கள். தமது அறிக்கையைப் பெற எவருக்கும் வழி உண்டு.

மூதூர் தாய் எழுதியது:

மகள், உங்கள் கடிதத்தை வாசித்ததும் எனது மகனின் கதைதான் நினைவுக்கு வந்தது. நாங்கள் 2006இல் இடம்பெயர்ந்தவர்கள். திரும்பி வந்தபோது வீட்டின் சுவர்கள் இருந்தன, அலுமாரியும் அதற்குள் இருந்த காணி உறுதியும் இருக்கவில்லை. மகனின் படிப்புக்குக் கடன் கேட்டபோது வங்கி காணியை ஈடாகக் கேட்டது. உறுதி தொலைந்துவிட்டது என்று சொன்னோம். "பார்ப்போம்" என்றார்கள். அந்தப் "பார்ப்போம்" ஏழு மாதம் நீடித்தது. தோணியிலும் பேருந்திலுமாகப் பதினொரு தடவை ஊரிலிருந்து நகரத்துக்கு வந்துபோனேன். கடைசியில் மகனின் அனுமதிக் காலம் முடிந்துவிட்டது.

அதற்குப் பின்னர்தான் ஒரு நொத்தாரிசு சொன்னார், காணிப் பதிவகத்தில் பதியப்பட்ட உறுதியாக இருந்தால் அதன் அத்தாட்சிப்படுத்திய பிரதியை எடுக்கலாம் என்று. இதை முதல் நாளிலேயே யாராவது எழுதித் தந்திருந்தால் என் பிள்ளை ஒரு வருடத்தை இழந்திருக்கமாட்டான். அடுத்த வருடம் அவன் வேறு ஒரு பாடநெறிக்குத்தான் போனான். அவனுக்கு விருப்பமான படிப்பு அதுவல்ல. வங்கி எங்களுக்குக் கடன் தராததைவிட, "உங்களுக்குத் தரமுடியாது" என்று முதல் மாதமே சொல்லாததுதான் இன்றும் என் மனதில் ஆறாமல் இருக்கின்றது. இல்லை என்று சொல்லியிருந்தால் நகையை வைத்தாவது, உறவினரிடம் கேட்டாவது வழி தேடியிருப்போம்.

ஓய்வுபெற்ற வங்கி உத்தியோகத்தர் எழுதியது:

அம்மா சொன்னதோடு ஒன்றைச் சேர்க்க வேண்டும். எமது மாவட்டத்தில் பலரிடம் இருப்பது உறுதிக் காணி அல்ல, காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின்கீழ் வழங்கப்பட்ட அனுமதிப்பத்திரக் காணி. அந்தக் காணியை உறுதிக் காணிபோல் நினைத்தபடி ஈடு வைக்க இயலாது, பிரதேச செயலகத்தின் அனுமதி சம்பந்தப்படும். கந்தளாய், தம்பலகாமம், மூதூர்ப் பக்கத்துப் பிள்ளைகள் ஈட்டுக் கடனுக்கு விண்ணப்பிக்கும் முன்னரே இதைப் பிரதேச செயலகத்தின் காணிப் பிரிவில் விசாரித்துவிடுவது நல்லது.

கிண்ணியா நானா எழுதியது:

தங்கச்சி, உங்கள் வங்கி அரச வங்கி என்கின்றீர்கள். அப்படியென்றால் உங்களுக்கு ஒரு வலுவான வழி இருக்கின்றது. 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் அரச வங்கிகளையும் கட்டுப்படுத்தும். எனது மருமகளின் கடன் விண்ணப்பம் இழுபட்டபோது நான் இதைத்தான் செய்தேன்.

வங்கியின் தகவல் உத்தியோகத்தர் யார் என்று கேட்டு, அவருடைய பெயருக்கு விண்ணப்பம் எழுதினேன். தமிழிலேயே எழுதினேன். ஏன் கேட்கின்றீர்கள் என்று காரணம் சொல்லத் தேவையில்லை. நான் கேட்டவை இவை: விண்ணப்பம் எந்தத் திகதியில் பதிவுசெய்யப்பட்டது, எந்தத் திகதிகளில் எந்த அலுவலகத்திலிருந்து எந்த அலுவலகத்துக்கு அனுப்பப்பட்டது, அதன்மீது எழுதப்பட்ட குறிப்புகளின் பிரதிகள், கல்விக் கடன் விண்ணப்பத்துக்கு வங்கியின் உள்ளகச் சுற்றறிக்கையில் காலவரையறை ஏதும் இருந்தால் அதன் பிரதி. மருமகளே விண்ணப்பதாரர் என்பதால் அவளுடைய கையெழுத்தோடுதான் அனுப்பினோம். இன்னொருவரின் தனிப்பட்ட தகவல் என்று சொல்லி மறுக்க இடம் வைக்கக்கூடாது.

சட்டப்படி 14 வேலை நாட்களுக்குள் தகவல் தருவதா இல்லையா என்று அவர்கள் தீர்மானித்து அறிவிக்க வேண்டும். பதில் இல்லாவிட்டாலோ மறுத்தாலோ 14 நாட்களுக்குள் அதே நிறுவனத்தின் குறித்தளிக்கப்பட்ட உத்தியோகத்தருக்கு மேன்முறையீடு செய்யலாம். அங்கும் சரிவராவிட்டால் இரண்டு மாதத்துக்குள் தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவுக்குப் போகலாம். எங்களுக்கு ஆணைக்குழுவரை போகத் தேவை வரவில்லை. விண்ணப்பம் சேர்ந்த இரண்டாம் கிழமை கிளையிலிருந்து தொலைபேசி வந்தது, வீட்டுக்கு வந்து காணியைப் பார்க்க மதிப்பீட்டாளரை அனுப்புகின்றோம் என்று. அதுவரை மதிப்பீட்டாளர் என்ற பேச்சே இருக்கவில்லை.

தனியார் வங்கி என்றால் இந்த வழி பொதுவாகப் பொருந்தாது என்பதையும் கவனியுங்கள்.

பாலையூற்று இளைஞன் எழுதியது:

எல்லோரும் கடிதம் எழுதச் சொல்கின்றீர்கள். ஆனால் திருகோணமலை சிறிய நகரம். முகாமையாளரைப் பகைத்துக்கொண்டால் அந்தக் கிளையில் மாத்திரமல்ல, வேறு கிளையிலும் காரியம் நடக்காது என்று எங்கள் வீட்டில் பயப்படுவார்கள். பொறுமையாகப் போய்ப் பேசுவதே நல்லது என்பது எனது கருத்து. மாணவியின் தாய் அரச ஊழியர். அவருக்கும் தொல்லை வரக்கூடாது.

ஓய்வுபெற்ற வங்கி உத்தியோகத்தர் எழுதியது:

தம்பி, இந்தப் பயத்தை நான் குறைத்து மதிப்பிடவில்லை. மேசைக்கு மறுபக்கத்திலிருந்து பார்த்தவன் என்பதால் சொல்கின்றேன்: எழுத்தில் வந்த பணிவான கடிதம் நல்ல உத்தியோகத்தருக்கு உதவி. பிராந்திய அலுவலகத்துக்கு அவர் நினைவூட்டல் அனுப்பும்போது "வாடிக்கையாளர் இன்ன திகதியில் எழுத்தில் கேட்டிருக்கின்றார்" என்று இணைத்து அனுப்பலாம். வாய்மொழியாகக் கேட்டதை அவரால் எங்கும் இணைக்க முடியாது. பகை வருவது ஆட்களைத் தாக்கி எழுதும்போதுதான். விண்ணப்பத்தின் நிலையைக் கேட்பது யாரையும் தாக்குவதாகாது.

உவர்மலை மாணவி எழுதியது:

அனைவருக்கும் நன்றி. சட்டத்தரணி ஐயா ஊகித்தது சரிதான், எங்களிடம் பற்றுச்சீட்டு இல்லை. நேற்று அம்மாவுடன் போய்க் கடிதத்தைக் கொடுத்தேன். கவுண்டரில் இருந்தவர் முதலில் "இதற்கெல்லாம் முத்திரை குத்துவதில்லை" என்றார். அம்மா "பரவாயில்லை, அப்படியென்றால் பதிவுத் தபாலில் அனுப்புகின்றோம்" என்று சொல்லி எழுந்ததும், உள்ளே போய் யாரிடமோ கேட்டுவிட்டு வந்து முத்திரையிட்டுத் தந்தார். ஊதா மையில் திகதி கொஞ்சம் மங்கலாக விழுந்தது. அதனால் பக்கத்தில் பேனாவாலும் எழுதித் தரும்படி கேட்டு வாங்கினோம்.

எனக்கு இன்னும் சில ஐயங்கள். கடன் நிபந்தனைகள் அடங்கிய படிவம் முழுவதும் ஆங்கிலத்தில் இருந்தது. அம்மாவுக்கு அதன் பல பகுதிகள் விளங்கவில்லை. தமிழில் கேட்க உரிமை உண்டா? அடிப்படை உரிமை மீறல் வழக்கை ஒரு மாதத்துக்குள் போட வேண்டும் என்கின்றார்களே, அப்படியானால் எனக்குக் காலம் கடந்துவிட்டதா? ஒம்புட்ஸ்மனுக்கும் மத்திய வங்கிக்கும் என்ன வேறுபாடு?

சட்டத்தரணி, உட்துறைமுக வீதி எழுதியது:

மொழியிலிருந்து தொடங்குகின்றேன். 2011ஆம் ஆண்டில் வங்கித்தொழில் சட்டத்தின்கீழ் விடுக்கப்பட்ட வாடிக்கையாளர் சாசனம், அனுமதிபெற்ற வங்கிகள் யாவற்றுக்கும் உரியதாக வந்தது. நிபந்தனைகளையும் கட்டணங்களையும் வாடிக்கையாளர் விளங்கிக்கொள்ளும்படி அறிவிப்பதும், முறைப்பாடுகளைக் கையாள ஓர் ஒழுங்கை வைத்திருப்பதும் அதில் அடங்கின. இதற்கு மேலாக, அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரையின்படி வடக்கு, கிழக்கு மாகாணங்களில் தமிழ் நிருவாக மொழி. அரச நிறுவனம் ஒன்றிடம் தமிழில் எழுதித் தமிழில் பதில் கேட்பது சலுகை கேட்பதாகாது. எனவே நிபந்தனைகளின் தமிழ்ப் பிரதியை எழுத்தில் கேளுங்கள். விளங்காத பத்திரத்தில் உங்கள் அம்மா கையெழுத்திடக் கூடாது. பிணையாளிகளுக்கும் இதையே சொல்லுங்கள். பிற்காலத்தில் தவணை தவறினால் முதலில் அவர்களுடைய வாசலுக்குத்தான் கடிதம் போகும்.

மத்திய வங்கியும் ஒம்புட்ஸ்மனும் வெவ்வேறு. மத்திய வங்கி ஒழுங்குபடுத்துபவர். அதன் நிதியியல் வாடிக்கையாளர் உறவுகள் திணைக்களம் 2020இல் தொடங்கியது, 1935 என்பது அதன் அழைப்பு எண். 2023இல் நிதியியல் வாடிக்கையாளர் பாதுகாப்பு ஒழுங்குவிதிகளும் வர்த்தமானியில் வெளியாகின. வாடிக்கையாளரை நியாயமாக நடத்துவதும், முறைப்பாட்டுக்கு ஒழுங்காகப் பதிலளிப்பதும் இப்போது வங்கிகளின் நல்லெண்ணத்தைப் பொறுத்தவை அல்ல, கட்டுப்பட வேண்டிய விதிகள். நிதி ஒம்புட்ஸ்மன் 2003 முதல் இயங்கும் தனியான பிணக்குத் தீர்வு ஏற்பாடு. கட்டணம் இல்லை, சட்டத்தரணியும் தேவையில்லை. இரண்டு இடத்திலும் முதலாவது கேள்வி ஒன்றுதான்: வங்கிக்கே முறைப்பாடு கொடுத்தீர்களா, என்ன பதில் வந்தது? உங்கள் முத்திரையிட்ட கடிதத்தின் பெறுமதி அங்கேதான் தெரியும். "இந்தப் பிள்ளைக்குக் கடன் கொடு" என்று ஒம்புட்ஸ்மன் வங்கிக்காகத் தீர்மானம் எடுக்கமாட்டார். ஆனால் தீர்மானமின்றி இழுத்ததை, காரணம் மறைத்ததை, முறைப்பாட்டுக்குப் பதில் தராததை அவர் முன்னால் வைக்கலாம். மத்திய வங்கிக்குத் திருகோணமலையிலும் பிராந்திய அலுவலகம் உண்டு, வழிகாட்டலுக்கு அங்கே விசாரிக்கலாம்.

இனி அடிப்படை உரிமை. அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரையின் முதலாம் பந்தி, சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்கின்றது. 126ஆம் உறுப்புரையின்கீழ் உயர் நீதிமன்றத்துக்கு (Supreme Court) மனுச்செய்ய ஒரு மாதமே காலம், அதுவும் அரசின் ஆட்சித்துறை அல்லது நிருவாகச் செயலால் உரிமை மீறப்பட்டால் மாத்திரம். ஆகவே தனியார் வங்கிக்கு எதிராக இந்த வழி இல்லை. அரச வங்கியும் "இது வெறும் வணிகப் பிணக்கு, நிருவாகச் செயல் அன்று" என்று வாதிடும், அந்த வாதம் சில வேளை வெல்லும். ஒரே தகைமையும் ஒரே வருமானமும் கொண்ட இருவரில் ஒருவருக்குக் கொடுத்து மற்றவருக்குக் காரணமின்றி மறுத்ததைப் பத்திரங்களோடு காட்ட முடிந்தால்தான் உங்கள் வழக்குக்கு உயிர் வரும். அந்த நீதிமன்றம் இருக்கும் கொழும்பு, புதுக்கடைக்குப் போய்வரும் செலவையும் மாதக்கணக்கான காத்திருப்பையும் நினைத்துப் பாருங்கள், உங்களுக்கு இருப்பது ஆறு கிழமை.

காலம் கடந்ததா என்றால், மறுப்பு என்று எழுத்தில் எதுவும் வராத நிலையில் எந்த நாளிலிருந்து எண்ணுவது என்பதே விவாதத்துக்குரியது. மறுப்புக் கடிதம் வந்தால் அன்றிலிருந்து நாட்களை எண்ணத் தொடங்குங்கள். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது என்று 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவு சொல்கின்றது. ஆனால் முறைப்பாட்டைக் கொடுத்த பற்றுச்சீட்டு மாத்திரம் போதாது, விசாரணை உண்மையில் நடந்துகொண்டிருந்தது என்பதைக் காட்ட வேண்டும். ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகம் நமது நகரிலேயே இருக்கின்றது.

கடைசியாக ஒரு நிலை, பலர் கவனிக்காதது. வங்கி கடனை அனுமதித்து, சலுகைக் கடிதம் (கடன் தர இணங்கி நிபந்தனைகளோடு வங்கி தரும் கடிதம்) தந்து, நீங்கள் அதை ஏற்றுக் கையெழுத்திட்ட பின்னர் பணத்தை விடுவிக்காமல் இழுத்தால் நிலைமை தலைகீழாக மாறிவிடும். அப்போது இருப்பது விண்ணப்பம் அன்று, ஒப்பந்தம். நிபந்தனைகளை நீங்கள் நிறைவேற்றியிருந்தால் மாவட்ட நீதிமன்றத்தில் ஒப்பந்த மீறலுக்கு நட்டஈடு கோரலாம். எழுத்திலான ஒப்பந்தத்துக்குக் காலவிதிப்புக் கட்டளைச் சட்டம் வழக்குத் தொடரத் தரும் காலம் 6 வருடம். இழந்த இடம், கட்டிய பதிவுக் கட்டணம், தங்குமிட முற்பணம் என்று நட்டத்தைப் பற்றுச்சீட்டுகளால் காட்ட வேண்டும். சட்டத்தரணிக் கட்டணம் கட்ட இயலாத குடும்பங்கள் சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம்.

உங்கள் இடத்தில் நான் இருந்தால், இந்தக் கிழமையே இன்னொரு வேலையையும் செய்வேன். உயர்கல்வி நிறுவனத்துக்கு, வங்கிக்குக் கொடுத்த கடிதத்தின் பிரதியை இணைத்து, கட்டணத் திகதியை ஒரு மாதம் தள்ளித் தரும்படி எழுதுவேன். இதற்குச் சட்டம் எதுவும் தேவையில்லை. பலர் கேட்பதில்லை, கேட்டவர்களில் பலருக்குக் கிடைத்திருக்கின்றது.

நிலாவெளி ஆசிரியர் எழுதியது:

அரசின் வட்டியில்லா மாணவர் கடன் திட்டத்தைப் பற்றியும் ஒரு சொல். உயர்தரத்தில் தகைமை பெற்றும் அரச பல்கலைக்கழகத்துக்குத் தெரிவாகாதவர்கள், அங்கீகரிக்கப்பட்ட அரசு சாரா நிறுவனங்களில் பட்டப்படிப்பைத் தொடர்வதற்கென 2017இல் அது ஆரம்பமானது. வட்டியை அரசு ஏற்கின்றது, பணம் வங்கி மூலம் வருகின்றது. அங்கே தெரிவு செய்வது உயர்கல்விக்குப் பொறுப்பான அமைச்சு என்பதால், தாமதம் ஏற்படும்போது அமைச்சில் நிற்கின்றதா வங்கியில் நிற்கின்றதா என்பதை முதலில் பிரித்தறிய வேண்டும். எனது மாணவி ஒருத்தி மூன்று மாதம் வங்கியைக் குறைகூறிக்கொண்டிருந்தாள், அவளுடைய பெயர்ப் பட்டியலே அமைச்சிலிருந்து கிளைக்கு வந்திருக்கவில்லை. அடுத்த முறை விண்ணப்பம் கோரும்போது இந்த மாணவியும் தனது பாடநெறி அந்தப் பட்டியலில் உண்டா என்று பார்க்க வேண்டும்.

சென்னை வாசகர் எழுதியது:

சட்டத்தரணி ஐயாவின் திருத்தத்தை ஏற்றுக்கொள்கிறேன். நல்லெண்ணத்தில் சொன்னது சகோதரியைத் தவறான இடத்துக்கு அனுப்பியிருக்கும். இலங்கை நண்பர்களுக்குப் பயன்படாது என்று என் முதல் பதிவின் தலையில் ஒரு வரி சேர்த்துவிடுகிறேன்.

உவர்மலை மாணவி எழுதியது:

மூன்று கிழமைக்குப் பின்னர் எழுதுகின்றேன். கடிதம் கொடுத்த பதினோராம் நாள் வங்கியிலிருந்து கடிதம் வந்தது, தமிழில். விண்ணப்பம் ஏப்ரல் மாதமே பிராந்திய அலுவலகத்திலிருந்து கிளைக்குத் திரும்பி வந்திருக்கின்றது. பிணையாளிகளில் ஒருவரை மாற்ற வேண்டும் என்பதே குறிப்பு. யார் என்று கடிதத்தில் இல்லை. ஆனால் மாமா தனது அறிக்கையை எடுத்துப் பார்த்தபோது, நான்கு வருடத்துக்கு முன்னர் விற்ற முச்சக்கர வண்டியின் குத்தகை இன்னும் தன் பெயரில் நிலுவையாகக் காட்டுவதைக் கண்டார். அவர் எங்கள் வீட்டுத் திண்ணையில் அந்தத் தாளை வைத்துக்கொண்டு வெகுநேரம் பேசாமல் இருந்தார். அவருடைய பிழையல்ல என்று அம்மா பலமுறை சொன்னார். அந்தப் பதிவைத் திருத்துவதற்கு அவர் இப்போது குத்தகைக் கம்பனிக்கு எழுதியிருக்கின்றார்.

ஏப்ரலிலேயே சொல்லியிருந்தால் மூன்று மாதம் மிஞ்சியிருக்கும். இதை அம்மா முகாமையாளரிடம் நேரில் சொன்னார். அவர் வருத்தம் தெரிவித்தார். அதையும் எழுத்தில் கேட்டிருக்கின்றோம், மத்திய வங்கிக்கு முறைப்பாடு அனுப்புவதா என்பதை அந்தப் பதிலைப் பார்த்துத் தீர்மானிப்போம். உயர்கல்வி நிறுவனம் செப்டெம்பர் 20 வரை காலம் தந்திருக்கின்றது. அப்பாவின் தங்கை, சுகாதாரத் திணைக்களத்தில் வேலை செய்பவர், பிணையாளியாக வர இணங்கியிருக்கின்றார். தனது கிரிப் அறிக்கையைத் தானே எடுத்துக்கொண்டு வந்தார். திங்கட்கிழமை கையெழுத்து.

சட்டத்தரணி, உட்துறைமுக வீதி எழுதியது:

நல்ல செய்தி. திங்கட்கிழமை போகும்போது சலுகைக் கடிதத்தில் மூன்று இடங்களைத் தேடி வாசியுங்கள்: பணம் விடுவிக்கப்படும் திகதியும் அதற்கான முன்நிபந்தனைகளும், வட்டி வீதத்தை மாற்ற வங்கிக்குள்ள அதிகாரம், படிப்புக் காலத்தில் வட்டி மாத்திரம் கட்டவேண்டுமா அல்லது எதுவும் கட்டத் தேவையில்லாத சலுகைக் காலம் உண்டா என்பது. கையெழுத்திட்ட பிரதியொன்றை அத்தைக்கும் வாங்கிக் கொடுங்கள்.